பந்து போட மட்டும் பாலு!

நெய்வேலி டவுன்ஷிப்பில் சாயங்கால நேரத்தில் எந்த வட்டத்துப் பக்கம் போனாலும் கிரிக்கெட் ஆடும் பிள்ளைகளைப் பார்க்கலாம். பள்ளிப் பையை வீட்டில் போட்டுவிட்டு மட்டையும் பந்துமாக வந்துவிடுவார்கள். மூன்று குச்சி, ஒரு ரப்பர் பந்து, பத்துப் பேர்.

அந்தப் பத்துப் பேரில் ஒரு பையன் கட்டாயம் இருப்பான். குச்சி நடுவது அவன்தான். கோடு கிழிப்பது அவன்தான். முள்ளுப் புதருக்குள் போன பந்தைத் தேடி எடுத்து வருவதும் அவன்தான். வியர்க்க விறுவிறுக்கப் பந்து போடுவான். அவனுடைய பேட்டிங் முறை வரும்போது சரியாக இருட்டிவிடும். மட்டைக்குச் சொந்தக்காரப் பையன் வீட்டுக்குக் கிளம்பிவிடுவான்!

ஒருநாள் இரண்டு நாள் அல்ல, பல ஆண்டுகள் இப்படிப் பந்து மட்டுமே போட்ட ஒருவரின் கதை இது. அவர் பெயர் பாலு. நம் பக்கத்து வீட்டு அண்ணன் பெயர் மாதிரி இருக்கிறது அல்லவா? முழுப்பெயர் பல்வங்கர் பாலு. கொங்கண் பகுதியில் பல்வன் என்ற ஊர் அவருடைய குடும்பத்துக்குப் பூர்வீகம். ஊர்ப் பெயரோடு 'கர்' சேர்த்தால் அந்த ஊர்க்காரர் என்று பொருள். கவாஸ்கர், தெண்டுல்கர் என்றெல்லாம் பெயர் வருவதும் அப்படித்தான்.

பாலு 1876-ம் ஆண்டு மார்ச் 19-ம் தேதி, இன்று கர்நாடகத்தில் உள்ள தார்வாடில் பிறந்தார். தோல் வேலை செய்யும் சம்பார் சமூகத்தைச் சேர்ந்த குடும்பம். அந்தச் சமூகத்தாரைத் தொட்டால் தீட்டு என்று மற்றவர்கள் ஒதுக்கி வைத்திருந்த காலம் அது. பொதுக் கிணற்றில் தண்ணீர் எடுக்க முடியாது. கோயிலுக்குள் போக முடியாது.

பிழைப்புக்காகக் குடும்பம் புனே நகருக்கு வந்தது. அப்போது அதற்குப் பூனா என்று பெயர். ஆங்கிலேயரின் பெரிய ராணுவ முகாம் அங்கே இருந்தது. பக்கத்தில் கிர்க்கியில் வெடிமருந்துத் தொழிற்சாலை. பாலுவின் அப்பாவுக்கு ராணுவத்தைச் சார்ந்த வேலை கிடைத்தது. சுரங்கத்தையும் அனல்மின் நிலையத்தையும் நம்பி எத்தனையோ ஊர்க்காரர்கள் நெய்வேலிக்கு வந்து குடியேறினார்கள் அல்லவா? அதுபோலப் பூனாவிலும் பல ஊர் மக்கள் வந்து சேர்ந்திருந்தார்கள்.

ராணுவ முகாம் இருந்தால் கிரிக்கெட்டும் இருக்கும். ஆங்கிலேய அதிகாரிகள் ஆடி முடித்து, வேண்டாம் என்று தூக்கிப்போட்ட மட்டைகளையும் பந்துகளையும் வைத்துக்கொண்டு பாலுவும் தம்பி சிவராமும் ஆடக் கற்றுக்கொண்டார்கள்.

நாலு ரூபாய்ச் சம்பளம்

பள்ளிப் படிப்பைத் தொடர வீட்டில் வசதி இல்லை. சிறுவன் பாலு வேலைக்குப் போனான். அதுவும் ஒரு கிரிக்கெட் மைதானத்தில்! பார்சிகள் நடத்திய கிளப் அது. ஆடுகளத்தைப் பெருக்க வேண்டும், உருளை இழுக்க வேண்டும். மாதச் சம்பளம் 3 ரூபாய்.

சில காலம் கழித்து, ஆங்கிலேயர்களின் பூனா கிளப்பில் 4 ரூபாய்க்கு வேலை கிடைத்தது. அது 1892 வாக்கில். பாலுவுக்கு 16 வயது. வெயிலில் உருளை இழுப்பது, கோடு போடுவது, பயிற்சிக்கு வலை கட்டுவது என்று நாள் முழுக்க வேலை இருக்கும்.

கிளப்பில் ஆட வரும் துரைகளுக்குப் பயிற்சிக்குப் பந்து போட ஆள் வேண்டும். நிழலில் உட்கார்ந்து எலுமிச்சைச் சாறு குடிக்கும் இன்னொரு துரையைக் கூப்பிட்டால் வருவாரா? உருளை இழுக்கும் பையனைக் கூப்பிட்டார்கள். பாலு இடது கையால் பந்து போட்டார். வேகமாக அல்ல, மெதுவாக. ஆனால், தரையில் பட்டதும் பந்து திரும்பியது!

சுழற்பந்து எப்படித் திரும்புகிறது? பந்தை விடும் நொடியில் விரல்களால் அதைத் திருகிவிட வேண்டும். சுழன்றுகொண்டே போகும் பந்து தரையில் பட்டதும், பம்பரம் கல்லில் மோதியதுபோல வேறு பக்கம் விலகும். எவ்வளவு விலகும் என்பது மண்ணைப் பொறுத்தது. ஈரம் இருந்தால் ஒரு மாதிரி. காய்ந்து வெடித்திருந்தால் இன்னொரு மாதிரி. பாலு தினமும் காலையில் அந்த மண்ணில் நடந்து உருளை இழுத்தவர். எங்கே மேடு, எங்கே பள்ளம், எங்கே புல் என்று அவருக்கு அத்துப்படி. துரைகளுக்கு அது தெரியாது!

பந்தை இருபுறமும் திருப்ப அவர் பழகினார். ஒரு பந்தை உயரத் தூக்கிப் போடுவார். அடுத்ததைச் சற்றுத் தாழ்வாக, கொஞ்சம் வேகமாகப் போடுவார். கை அசைவு மட்டும் மாறாது. மட்டையாளர் ஏமாந்துபோவார்.

பூனா கிளப்பில் ஜே.ஜி. கிரேக் என்ற ராணுவ அதிகாரி இருந்தார். அன்றைய இந்தியாவில் ஆடிய ஆங்கிலேய மட்டையாளர்களில் மிகச் சிறந்தவர். இங்கிலாந்தில் ஹாம்ப்ஷயர் அணிக்கும் ஆடியவர். மற்றவர்கள் வருவதற்கு முன்பே மைதானத்துக்கு வந்து, பாலுவை மணிக்கணக்கில் பந்து போடச் சொல்வார். தன்னை ஒருமுறை அவுட் ஆக்கினால் 8 அணா தருவாராம். இப்படி ஒரு கதை நெடுநாளாகச் சொல்லப்பட்டு வருகிறது.

8 அணா என்றால் எவ்வளவு தெரியுமா? 16 அணா சேர்ந்தால் ஒரு ரூபாய். ஆக, 8 அணா அரை ரூபாய். மாதத்தில் எட்டு முறை கிரேக்கை அவுட் ஆக்கினால் ஒரு மாதச் சம்பளமே கூடுதலாகக் கிடைத்துவிடும்! இப்படி ஒரு பரிசு இருந்தால் யாருக்குத்தான் பந்து திரும்பாது?

ஆயிரக்கணக்கான பந்துகளைப் பாலு அந்த வலைக்குள் போட்டிருப்பார். ஆனால் ஒருமுறைகூட அவர் கையில் மட்டையைக் கொடுக்கவில்லை. பேட்டிங் துரைமார்களுக்கு, பந்து போடுவது வேலைக்காரருக்கு என்பது அங்கே எழுதாத சட்டம்.

மண் குவளையில் தேநீர்

கிளப் வேலைக்காரரின் பந்துவீச்சைப் பற்றிய செய்தி ஊருக்குள் பரவியது. பூனாவில் இந்துக்கள் நடத்திய ஒரு கிரிக்கெட் கிளப் இருந்தது. ஆங்கிலேயர்களை ஒருமுறையாவது தோற்கடித்துவிட வேண்டும் என்பது அவர்களுக்குத் தீராத ஆசை. பாலுவைச் சேர்த்தால் ஜெயிக்கலாம். ஆனால், எப்படிச் சேர்ப்பது? அவர் தீண்டத்தகாதவர் ஆயிற்றே!

கிளப்புக்குள் பெரிய விவாதம் நடந்தது. சிலர் கூடவே கூடாது என்றார்கள். சிலர் ஜெயிக்க வேண்டாமா என்று கேட்டார்கள். கடைசியில் ஜெயிக்கும் ஆசைதான் ஜெயித்தது. பாலு அணியில் சேர்க்கப்பட்டார்.

ஆட்டம் நடக்கும்போது எல்லாரும் ஒன்றாக ஆடுவார்கள். பாலு வீசிய பந்தை மற்றவர்கள் பிடிப்பார்கள். திரும்ப அவர் கைக்கே எறிவார்கள். அந்தப் பந்து தோலால் ஆனது. தீட்டு ஒன்றும் ஒட்டவில்லை! தேநீர் இடைவேளை வந்தால் கதை மாறிவிடும். மற்றவர்கள் உள்ளே போய்ப் பீங்கான் கோப்பையில் குடிப்பார்கள். பாலு வெளியே நிற்க வேண்டும். அவருக்கு மண் குவளையில் தேநீர் வரும். குடித்ததும் குவளையைத் தூக்கி எறிந்துவிட வேண்டும். சாப்பாடும் தனித்தட்டில், தனி இடத்தில்தான். முகம் கழுவத் தண்ணீர் வேண்டுமென்றால், அவரைப்போலவே ஒதுக்கப்பட்ட ஒரு வேலையாள் ஓரமாக வந்து ஊற்றுவார்.

நம் ஊர் டீக்கடைகளில் இரட்டைக் குவளை முறை என்ற ஒன்று இருந்ததை உங்கள் தாத்தா பாட்டி சொல்லக் கேட்டிருப்பீர்கள். சிலருக்குக் கண்ணாடி டம்ளர், சிலருக்குச் சிரட்டை. அதே கதைதான் பூனா மைதானத்திலும்.

பாலு என்ன செய்தார்? வெளியே நின்று தேநீர் குடித்தார். திரும்ப உள்ளே வந்து விக்கெட் எடுத்தார். அவர் மனதில் என்ன ஓடியிருக்கும் என்று நினைத்துப் பார்த்தால் நமக்குத்தான் நெஞ்சு கனக்கிறது.

ஒருமுறை சாதாராவுக்கு ஆடப் போனார்கள். அங்கே இருந்ததும் வெள்ளையர் மட்டுமே உறுப்பினராக முடிந்த கிளப். பாலுவின் சுழல் எடுபடக் கூடாது என்று ஒரு வாரமாக உருளை போட்டு ஆடுகளத்தைச் சிமெண்ட் தரை மாதிரி ஆக்கி வைத்திருந்தார்களாம். உருளை இழுத்தே வளர்ந்த பாலுவிடமா இந்த வேலை? 7 விக்கெட்டுகளை அவர் சாய்த்தார். பூனா அணி வென்றது.

ஊர் திரும்பியதும் பாராட்டு விழா. சமூக சீர்திருத்தவாதியும் நீதிபதியுமான மகாதேவ கோவிந்த ரானடே பாலுவைப் பொதுமேடையில் கௌரவித்தார். சேர்ந்து ஆட முடிகிறது என்றால் சேர்ந்து சாப்பிட மட்டும் ஏன் முடியாது என்று அணியினரை அவர் கடிந்துகொண்டதாகவும் சொல்வார்கள்.

பம்பாயில்

1896-ல் பம்பாயிலும் பிறகு பூனாவிலும் பிளேக் நோய் பரவி ஆயிரக்கணக்கானோர் மாண்டார்கள். அந்தச் சமயத்தில்தான் பாலு பம்பாய்க்குக் குடிபெயர்ந்தார். ரயில்வேயில் வேலை கிடைத்தது. அங்கிருந்த இந்து ஜிம்கானா கிளப்பிலும் அவரைச் சேர்ப்பதா வேண்டாமா என்று அதே பழைய விவாதம். அங்கும் அவர் பந்துவீச்சுதான் கதவைத் திறந்தது. சிறிது காலத்தில் தம்பி சிவராமும் அணிக்கு வந்தார். சிவராம் நல்ல மட்டையாளர். பின்னாளில் கணபத், விட்டல் என்ற மற்ற இரு தம்பிகளும் வந்தார்கள். நான்கு அண்ணன் தம்பிகளும் இந்து அணிக்கு ஆடினார்கள்!

அந்தக் காலத்தில் மதத்தின் பெயரால்தான் அணிகள். ஐரோப்பியர் அணி, பார்சி அணி, இந்து அணி, பிறகு முஸ்லிம் அணி. இப்போது நினைத்தால் விசித்திரமாக இருக்கிறது. ஆனால், அன்று நாட்டின் பெரிய போட்டியே இதுதான். பம்பாய் முழுக்க மைதானத்தில் கூடிவிடும்.

சென்னையில் நிலைமை எப்படி என்று கேட்கிறீர்களா? சேப்பாக்கத்தில் ஆடப்போன இந்திய வீரர்களுக்குப் பெவிலியனுக்குள் இடம் கிடையாது. மரத்தடியில்தான் உட்கார வேண்டும். அந்த அவமானம் பொறுக்காமல்தான் புச்சிபாபு நாயுடு 1888-ல் மெட்ராஸ் யுனைடெட் கிளப்பைத் தொடங்கினார். சென்னையில் இந்தியரை வெள்ளையர் வெளியே உட்கார வைத்தார்கள். பூனாவில் இந்தியரையே இந்தியர் வெளியே நிற்க வைத்தார்கள்.

1906 பிப்ரவரி. பம்பாய் ஜிம்கானா மைதானம். முதன்முறையாக இந்து அணியும் ஐரோப்பியர் அணியும் மோதின. இந்துக்கள் முதலில் 242 ரன் எடுத்தார்கள். ஐரோப்பியர்கள் 191-க்குச் சுருண்டார்கள். இரண்டாவது இன்னிங்ஸில் இந்துக்கள் 160. ஐரோப்பியர்கள் ஜெயிக்க 212 ரன் வேண்டும். பாலு பந்தைக் கையில் எடுத்தார். 102 ரன்னில் ஐரோப்பியர்கள் காலி! 109 ரன் வித்தியாசத்தில் இந்துக்களுக்கு வெற்றி. அந்த இன்னிங்ஸில் பாலுவுக்கு 5 விக்கெட். முதல் இன்னிங்ஸில் எடுத்ததையும் சேர்த்தால் 8.

ஆள்பவர்களை ஆளப்படுபவர்கள் தோற்கடித்துவிட்டார்கள். நாட்டின் மூலை முடுக்கெல்லாம் அதே பேச்சு. இந்தியன் சோஷியல் ரிஃபார்மர் என்ற பத்திரிகை இன்னொரு விஷயத்தையும் கவனித்தது. பம்பாய் அணியில் பாலு சகோதரர்களும் மற்றவர்களும் சேர்ந்தே சாப்பிடத் தொடங்கியிருந்தார்கள். ஐரோப்பியர்களை வென்றதைவிட இதுதான் பெரிய செய்தி என்று எனக்குத் தோன்றுகிறது.

இங்கிலாந்துக்குப் போன கப்பல்

1911-ல் இந்தியா முழுவதிலிருந்தும் வீரர்களைத் தேர்ந்தெடுத்து, ஓர் அணியை இங்கிலாந்துக்கு அனுப்பினார்கள். கேப்டன் பாட்டியாலா மகாராஜா பூபிந்தர் சிங். வயது 19. பாலுவுக்கு 35. கேப்டன் எதனால் கேப்டன் ஆனார் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை!

அந்த ஆண்டு லண்டனில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் முடிசூட்டு விழா. மகாராஜாவுக்கு விருந்துகளுக்குப் போகவே நேரம் சரியாக இருந்தது. சில ஆட்டங்களில்தான் ஆடினார். புது ஊர், குளிர், பழக்கமில்லாத ஆடுகளம். அணி வரிசையாகத் தோற்றது. பிறகு லெஸ்டர்ஷயர் அணிக்கு எதிராக முதல் வெற்றி. அதில் பாலு இரண்டு இன்னிங்ஸிலும் சேர்த்து 11 விக்கெட் எடுத்தார். அடுத்து சோமர்செட் அணியையும் வென்றார்கள். அந்த ஆட்டத்தில் தம்பி சிவராம் ஆட்டமிழக்காமல் 113 ரன் அடித்தார்.

மொத்தம் 23 ஆட்டங்கள். 6 வெற்றி, 15 தோல்வி, 2 டிரா. தோற்றுத் திரும்பிய அணிதான். ஆனால், அந்தப் பயணத்தில் பாலு மட்டும் எடுத்த விக்கெட்டுகள் 114! தோள்வலியோடு எடுத்தவை அவை.

ஊர் திரும்பியவரைப் பம்பாயின் ஒடுக்கப்பட்ட மக்கள் விழா எடுத்து வரவேற்றார்கள். அப்போது பம்பாய் எல்பின்ஸ்டன் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த ஓர் இளைஞருக்குப் பாலு ஒரு நாயகனாகத் தெரிந்தார். அந்த இளைஞர்தான் பீமராவ் அம்பேத்கர்!

கேப்டன் யார்?

அணியிலேயே மூத்தவர் பாலு. அதிக விக்கெட் எடுத்தவர் பாலு. எந்த மட்டையாளருக்கு எங்கே ஆளை நிறுத்த வேண்டும் என்று தெரிந்தவரும் அவரே. அப்படியென்றால் கேப்டன் யாராக இருக்க வேண்டும்?

ஒவ்வோர் ஆண்டும் இந்தக் கேள்வி எழுந்தது. ஒவ்வோர் ஆண்டும் வேறொருவர் கேப்டன் ஆனார். பந்து போடச் சொல்லலாம். அவர் சொல்லி மற்றவர்கள் கேட்பதா? அங்கேதான் பலருக்குத் தடுக்கியது. பூனா கிளப்பில் மட்டையைத் தராதவர்கள் துரைகள். பம்பாயில் தலைமையைத் தராதவர்கள் சொந்த நாட்டவர்.

எம்.டி. பை என்ற வீரர் கேப்டனாக இருந்தார். பிராமண வகுப்பைச் சேர்ந்தவர். 1913-ல் நடந்த ஒரு பாராட்டுக் கூட்டத்தில், இந்தக் கௌரவம் தன்னைவிட மூத்தவரான நண்பர் பாலுவுக்குத்தான் போயிருக்க வேண்டும் என்று அவரே மேடையில் சொன்னார். பெரிய மனசுதான். ஆனாலும் அடுத்தடுத்த ஆண்டுகளில் எதுவும் மாறவில்லை.

1920 வந்தது. நாட்டில் காந்தியடிகள் ஒத்துழையாமை இயக்கத்தைத் தொடங்கியிருந்தார். தீண்டாமை ஒழிய வேண்டும் என்றும் பேசிக்கொண்டிருந்தார். பம்பாயில் நால்வர் அணிப் போட்டி ஆரம்பமானது. முஸ்லிம் அணியுடன் முதல் ஆட்டம். கேப்டன் பைக்கு உடல்நலம் சரியில்லை. இந்த முறையாவது பாலுவுக்குக் கிடைக்கும் என்று பலர் எதிர்பார்த்தார்கள்.

பாலுவை அணியிலேயே சேர்க்கவில்லை! அவருக்கு அப்போது 44 வயது. சரி, வயதாகிவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். அடுத்த மூத்தவர் சிவராம் இருந்தார். அருமையான மட்டையாளர் விட்டல் இருந்தார். இருவரையும் விட்டுவிட்டு, அவர்களுக்குப் பின்னால் அணிக்கு வந்த டி.பி. தேவ்தரைக் கேப்டன் ஆக்கினார்கள். தேவ்தர் நல்ல வீரர், அதில் சந்தேகமில்லை. அவர் பெயரில் பின்னாளில் ஒரு கோப்பையே வந்தது. ஆனால் அண்ணன் தம்பிகளுக்குக் காரணம் புரிந்துவிட்டது.

இத்தனை ஆண்டுகள் பொறுத்துப்போன குடும்பம் அன்று பொறுக்கவில்லை. சிவராமும் விட்டலும் அணியிலிருந்து விலகினார்கள். ஏன் விலகுகிறோம் என்று விளக்கமாக எழுதிப் பத்திரிகைக்கும் கொடுத்துவிட்டார்கள். சாதியின் காரணமாகத் தங்களுக்கு உரிய இடம் மறுக்கப்படுகிறது என்று வெளிப்படையாகச் சொன்னார்கள்.

ஊரே இதைப் பற்றிப் பேசியது. பலர் சகோதரர்களின் பக்கம் நின்றார்கள். இறுதி ஆட்டம் பார்சிகளோடு. உடல் தேறிய பை மீண்டும் கேப்டன் ஆனார். இருதரப்பும் பேசி ஒரு முடிவுக்கு வந்தார்கள். தம்பிகள் இருவரும் அணிக்குத் திரும்பினார்கள். பாலுவும் சேர்க்கப்பட்டார். அதுவும் துணைக் கேப்டனாக!

ஆட்டத்தின் நடுவே பை சிறிது நேரம் மைதானத்தை விட்டு வெளியே போனார். அப்போது அணியை நடத்தியவர் பாலு. அவர் கைகாட்டிய இடத்தில் மற்ற பத்துப் பேரும் போய் நின்றார்கள். கொஞ்ச நேரம்தான். ஆனால் பார்த்தவர்கள் பார்த்துவிட்டார்கள்.

மூன்றே ஆண்டுகள் கழித்து, 1923-ல், இந்து அணிக்கு விட்டல் கேப்டன் ஆனார். இறுதி ஆட்டத்தில் ஐரோப்பியர் அணியை வென்றார்கள். வெற்றி பெற்றதும் ரசிகர்கள் விட்டலைத் தோளில் தூக்கிக்கொண்டு மைதானத்தைச் சுற்றினார்கள். தூக்கியவர்களில் உயர்சாதிக்காரர்களும் இருந்தார்கள். அண்ணனின் நிழல் பட்டால் தீட்டு என்று சொல்லியிருக்கக்கூடிய குடும்பங்களின் பிள்ளைகள்!

பாலு முதல்தர ஆட்டங்கள் 33-ல் ஆடி 179 விக்கெட் எடுத்தவர். ஒரு விக்கெட்டுக்குச் சராசரியாக 15 ரன்தான் கொடுத்திருக்கிறார். இந்தியா முதல் டெஸ்ட் போட்டியில் ஆடியது 1932-ல். அப்போது அவருக்கு 56 வயது. அதனால், டெஸ்ட் வீரர்கள் பட்டியலில் பாலுவின் பெயரைத் தேடினால் கிடைக்காது. 2001-ல் வந்த லகான் படத்தைப் பார்த்தவர்களுக்கு, கிராமத்து அணியில் யாரும் சேர்க்க விரும்பாத கச்ரா என்ற சுழற்பந்து வீச்சாளரை நினைவிருக்கும். பாலுவின் கதை தெரிந்த யாருக்கும் அந்தக் காட்சியில் பாலுதான் தெரிவார்.

எதிரெதிர் அணியில்

அதே 1932-ல் பாலுவின் பெயர் வேறோர் இடத்தில் எழுதப்பட்டது. ஒடுக்கப்பட்ட மக்கள் தங்கள் பிரதிநிதிகளைத் தனியாகத் தேர்ந்தெடுக்க ஆங்கிலேய அரசு தனித்தொகுதி முறையை அறிவித்தது. அம்பேத்கர் அதை விரும்பினார். காந்தியடிகள் எதிர்த்து, பூனா எரவாடா சிறையில் செப்டம்பர் 20-ம் தேதி உண்ணாவிரதம் தொடங்கினார். பாலு காந்தியடிகளின் கருத்தை ஒட்டி நின்றார். நம் சென்னையைச் சேர்ந்த தலைவர் எம்.சி. ராஜாவும் அந்தப் பக்கம்தான். செப்டம்பர் 24-ம் தேதி பூனா ஒப்பந்தம் உருவானது. அதில் கையெழுத்திட்டவர்களில் பாலுவும் ஒருவர். பாலு உருளை இழுத்த அதே ஊரில் உருவான ஒப்பந்தம்!

1937-ல் பம்பாய் சட்டசபைத் தேர்தல். அம்பேத்கர் போட்டியிட்டார். அவரை எதிர்த்துக் காங்கிரஸ் நிறுத்திய வேட்பாளர் யார் தெரியுமா? பாலுதான்! இளைஞராக இருந்தபோது அம்பேத்கர் வியந்து பார்த்த அதே பாலு. கடும் போட்டி. அம்பேத்கருக்கு 13,245 வாக்குகள். பாலுவுக்கு 11,225. அம்பேத்கர் வென்றார். இருவரும் வேண்டியது ஒன்றைத்தான். போன வழிதான் வேறு.

1947-ல் நாடு சுதந்திரம் பெற்றது. அடுத்த ஆண்டு தம்பி விட்டல் தன் விளையாட்டு வாழ்க்கையைப் பற்றி மராத்தியில் ஒரு நூல் எழுதினார். அண்ணன்களைப் பற்றிய பல செய்திகள் நமக்குத் தெரிய அந்த நூலும் ஒரு காரணம்.

தீண்டாமையைத் தண்டனைக்குரிய குற்றமாக்கும் சட்டம் 1955-ம் ஆண்டு ஜூன் 1-ம் தேதி நடைமுறைக்கு வந்தது. டீக்கடையிலும் ஓட்டலிலும் ஒருவருக்குப் பொதுக் குவளையைத் தர மறுத்தால் இனி தண்டனை. பாலு அப்போது பம்பாயில் இருந்தார். வயது 79. அடுத்த மாதம், ஜூலை 4-ம் தேதி அவர் காலமானார்.